சடையன் வளர்த்த சராசரிப் புடலங்காய்

ஏழுகுண்டு ஊருல சடையனுக்குப் பொண்ணு கொடுக்க ஒண்டிமுத்து சம்மதிச்சாரு. ஆனா ஒரு பேச்சு பேசிட்டாரு. "முகூர்த்தத்தன்னிக்கு எம்பொண்ணு உசரத்துக்குச் சரியா ஒரு புடலங்கா கொண்டா. இல்லேன்னா பக்கத்தூரு பையனுக்குத்தான்."

பொண்ணு சீரங்காயி மூணரை முழம். சடையன் கொடியில தொங்குன காயி ரெண்டு முழம். நுனியில கல்லு கட்டி வளர்த்த காயி. முகூர்த்தத்துக்கு ஒம்போது நாளுதான் பாக்கி. சடையனுக்குச் சோறு எறங்கல.

கணக்குப் பாக்க வந்தவன் வெள்ளையப்பன். இவன் யாருங்கிறீங்க? வீட்டுல ரெண்டு கோழி. ஒண்ணு ரெண்டு முட்டை போட்டுச்சு, இன்னொண்ணு சும்மா நின்னுச்சு. சராசரி ஆளுக்கு ஒண்ணுன்னு, சும்மா நின்னதுக்கும் பத்தியக் கஞ்சி காய்ச்சி ஊத்துனவன். அந்தக் கோழி அப்புறம் ஒரு வாரம் எந்திரிக்கவே இல்ல, அது வேற கதை. எங்க விட்டேன்? ஆங், புடலங்கா.

"நேத்து ஆறு விரல் வளந்துச்சு, அதுக்கு மொத நாளு ரெண்டு. சராசரி நாலு. ஒம்போது நாளைக்கு முப்பத்தாறு விரல். அதாவது ஒண்ணரை முழம். கல்யாணம் முடிஞ்ச மாதிரிதான் மாப்ளே."

சடையன் அன்னிக்கு ரெண்டு தட்டு சோறு தின்னான்.

மறுநாளு காயி ஆறு விரல் வளந்துடுச்சு. சடையன் பதறிப் போயிட்டான். "நாலுதானடா சொன்ன?"

"மிச்சத்த வெட்டி வையி. கொறையிற நாளைக்கு ஆகும்."

நுனியில ரெண்டு விரல வெட்டி, சட்டித் தண்ணியில போட்டு வச்சாங்க. அடுத்த நாளு காயி அசையவே இல்ல. வெட்டுன துண்டை நூலால கட்டிவிட்டாங்க. அதுக்கப்புறம் ஒரு விரல்கூட வளரல.

"என்னடா இது?"ன்னு சடையன் காய மறுபடி மறுபடி அளந்தான்.

"ஓய்வெடுக்குது. கடைசி நாளு மொத்தமா வளந்தாலும் சராசரி நாலுதான மாப்ளே."

நியாயந்தானேன்னு சடையன் கொடிக்கு ரெண்டு கொடம் தண்ணி கூடுதலா ஊத்துனான்.

முகூர்த்தத்தன்னிக்குக் காய அறுத்துப் பொண்ணு பக்கத்துல நிறுத்துனாங்க. முப்பது விரல் கொறைச்சல். ஒண்டிமுத்து மீசையத் தடவுனாரு. சடையனுக்குக் கண்ணு கலங்கிடுச்சு.

"காய நீட்ட முடியாது மாமா. சீரங்காயியக் கொஞ்சம் குழியில நிறுத்திப் பாக்கலாமா?"

ஒண்டிமுத்துவும் ஏழுகுண்டுக்காரருதான. மம்பட்டியோட நாலு பேரு வந்தாங்க. குழி மாரளவு ஆழமாயிடுச்சு. எறக்கி அளந்தா இப்பக் காயி முப்பது விரல் அதிகம்.

"நான் சரிக்குச் சரியால்ல கேட்டேன்?"ன்னாரு ஒண்டிமுத்து.

வெள்ளையப்பன் முன்னால வந்தான். "அண்ணாச்சி, மொதல்ல முப்பது கொறைச்சல். இப்ப முப்பது அதிகம். சராசரி போட்டுப் பாருங்க."

ஒண்டிமுத்து விரல் விட்டு எண்ணுனாரு. ரெண்டு தடவ எண்ணுனாரு. "சரியாத்தான் இருக்கு. மேளத்த வாசிக்கச் சொல்லு."

சீரங்காயி மேல ஏறக் கைய நீட்டுனா. வெள்ளையப்பன் தடுத்துட்டான். "ஏறுனா மறுபடி கொறைச்சலாயிடும் தாயி. கணக்கு கெட்டுப்போகும்."

அதனால சடையன் குழிக்குள்ள குதிச்சுத் தாலி கட்டுனான். சனமெல்லாம் குப்புறப் படுத்துக்கிட்டு அட்சதை போட்டுச்சு. சடையன் மொகத்துல அப்படி ஒரு பூரிப்பு.

சீரங்காயி மட்டும் வானத்தப் பாத்தா. "அண்ணே, மேகம் கருத்துக்கிட்டு வருதே. மழை பெஞ்சா நாங்க முழுகிட மாட்டமா?"

வெள்ளையப்பன் குழிக்குள்ள குனிஞ்சு தைரியம் சொன்னான்.

"பயப்படாத தாயி. வருசத்து மழைக்குச் சராசரி போட்டா, ஒரு நாளைக்கு நாலு சொட்டுக்கு மேல விழாது."