ஓரெஸ்தே செய்த தொழிலாளி

முதல் அநியாயம், பன்னிரண்டு வயதில் ஓரெஸ்தேயைப் பள்ளியிலிருந்து இழுத்துப் பளிங்குக் குவாரியில் விட்டது. இரண்டாவது, ஊருக்குப் பின்னால் நின்ற வெள்ளை மலைக்கு முதலாளி தன் அப்பாவின் பெயரை வைத்தது. மூன்றாவது, அந்த அப்பாவுக்கு ஊர்ச் சதுக்கத்தில் சிலை எழுப்பியது. கோட்டுப் பொத்தான் முதல் கன்னத்து மரு வரை அச்சு அசல். நான்காவது, மலை சரிந்து செத்த தொழிலாளர்களுக்காக அந்தச் சிலைக்கு எதிரே ஒரு முரட்டுக் கல்லை உருட்டிப் போட்டு, "எளிய மனிதர்களுக்கு எளிய கல்" என்று நகரத் தலைவர் பேசிக் கைதட்டல் வாங்கியது.

ஐந்தாவதை நடக்க விடுவதில்லை என்று ஓரெஸ்தே முடிவு கட்டினார்.

இத்தாலியின் அந்தப் பளிங்கு ஊரில் முப்பது வருஷம் தொழிலாளர் சங்கம் நடத்தியவர் அவர். கல்லை அகற்றி, தொழிலாளி சிலை வைக்கச் சங்கம் போராடி அனுமதி வாங்கியிருந்தது. மே தினத்துக்குள் சங்கத்துப் பெரியவர்கள் களிமண் மாதிரியைப் பார்த்துச் சம்மதிக்க வேண்டும். தவறினால் அந்த இடத்தில் கம்பெனியின் நீரூற்று வரும். தலைநகரத்துச் சிற்பிகளை ஓரெஸ்தே நம்பவில்லை. அறுபத்தேழு வயதில் தானே களிமண்ணில் கை வைத்தார்.

கற்றுக்கொடுத்தவர் நீவெஸ். மனித உருவங்கள் மட்டுமே செய்யும் சிற்பி. ஓரெஸ்தேயைவிட இருபது வயது இளையவர். ஆனாலும் ஓரெஸ்தே அவரை அந்த ஊர் வழக்கப்படி 'மாயெஸ்த்ரா', அதாவது ஆசானே, என்றுதான் அழைத்தார்.

"மாயெஸ்த்ரா, தொழிலாளியை எப்படிச் செய்வது?"

"எந்தத் தொழிலாளியை?"

"எல்லாத் தொழிலாளியையும்."

"அவ்வளவு களிமண் என்னிடம் இல்லை."

மறுநாள் நீவெஸ் பக்கத்துப் பட்டறையில் பளிங்குக்கு மெருகு போடும் ஒருவரை அழைத்துவந்து மரப்பெட்டிமேல் உட்கார வைத்தார். இலங்கையிலிருந்து வந்த தமிழர். ஐம்பது வயது இருக்கும். கொஞ்சம் தொப்பை. மெருகு இயந்திரத்தைப் பிடித்துப் பிடித்து வலது தோள் இறங்கியிருந்தது.

"வாருங்கள் தோழரே!" என்றார் ஓரெஸ்தே. அவருக்கு எல்லோரும் தோழர்தான். பையைப் பறித்து ஓடுகிறவனைக்கூட "தோழரே, நில்லுங்கள்" என்றுதான் துரத்துவார் என்று ஊரில் கேலி உண்டு.

பெட்டிமேல் இருந்தவர் உட்கார்ந்திருந்தார். ஓரெஸ்தே செய்த உருவம் நின்றது. தொப்பை காணாமல் போயிற்று. தோள்கள் நிமிர்ந்தன. வலது கை முஷ்டியாகி ஆகாயத்தில் ஏறியது.

"இந்தப் பயில்வான் யார்?" என்று கேட்டார் இலங்கைக்காரர்.

"நீங்கள்தான், தோழரே!"

"என் மனைவிக்குக் காட்டிவிடாதீர்கள். இவரை வைத்துக்கொண்டு என்னைத் திருப்பி அனுப்பிவிடுவாள்."

மத்தியானச் சாப்பாடு முடிந்து வந்தபோது முஷ்டி தரையில் கிடந்தது.

"கைக்குள் கம்பி வைத்தீர்களா?" என்றார் நீவெஸ்.

"கோபத்தை வைத்தேன்."

"அது களிமண்ணைத் தாங்காது."

ஓரெஸ்தே முகம் சிவந்தார். "கம்பி வைத்து மறுபடி தூக்குகிறேன்."

"சதுக்கத்தில் முதலாளியின் அப்பா கையைத் தூக்கியிருக்கிறாரா?"

"அவனா? பைக்குள் கையை விட்டுக்கொண்டு நிற்கிறான்."

"பிறகு அது அவர்தான் என்று எப்படித் தெரிகிறது?"

"அந்த மருவைப் பார்த்தால் பச்சைக் குழந்தைக்கும் தெரியும்!"

நீவெஸ் பெட்டிமேல் ரொட்டி தின்றுகொண்டிருந்தவரைக் காட்டினார். "இவர் பெயர் என்ன?"

ஓரெஸ்தே வாயைத் திறந்தார். "தோழர்..." என்றார். பிறகு மூடிக்கொண்டார். வாரக்கணக்கில் அந்த ஆளின் எதிரே நின்றவர் அவர்.

நீவெஸ் கை கழுவப் போய்விட்டார்.

ஓரெஸ்தே மெல்ல மரப்பெட்டி அருகே போனார். "உங்கள் பெயர்..."

"எது வேண்டும்? பட்டறையில் ஜீனோ என்பார்கள்."

"அம்மா அப்பா வைத்தது."

அவர் சொன்னார். ஓரெஸ்தே திருப்பிச் சொல்லிப் பார்த்தார். பாதியில் நாக்கு சிக்கியது. இலங்கைக்காரர் ரொட்டித் துணுக்குகள் தெறிக்கச் சிரித்தார்.

"பாதி வழியிலேயே இறங்கிவிட்டீர்கள் ஐயா. மறுபடி ஏறுங்கள்."

அன்றே ஓரெஸ்தே பயில்வானை இடித்தார். கம்பிக் கூட்டைப் பிரித்து உட்கார்ந்த உருவத்துக்கு வளைத்தார். தொப்பை திரும்பி வந்தது. தோள் இறங்கியது. மண்ணைப் பிசைந்தபடியே அவர் முணுமுணுத்துக்கொண்டிருந்ததைக் கேட்டு, கிழவர் கடைசிக் காலத்தில் ஜெபம் செய்ய ஆரம்பித்துவிட்டார் என்று தெருவில் பேச்சு கிளம்பியது.

ஏப்ரல் கடைசியில் பெரியவர்கள் வந்தார்கள். சங்கத் தலைவர் உகோ உருவத்தை ஒருமுறை சுற்றி வந்தார்.

"எங்கேடா முஷ்டி?"

"இல்லை."

"தொப்பை மட்டும் இருக்கிறது! கம்பெனிக்காரன் வயிறு வலிக்கச் சிரிப்பான். ஓரெஸ்தே, இதற்கு நான் சம்மதிக்க மாட்டேன். நீரூற்றே வரட்டும், தண்ணீராவது குடிக்கலாம்."

மற்றவர்கள் தரையைப் பார்த்தார்கள். ஓரெஸ்தேக்குப் பேசத் தெரியாத நாள் என்று ஒன்று இருந்ததில்லை. அன்று ஈரத் துணியை எடுத்து உருவத்தை மூடப் போனார்.

அப்போது பெரியவர்களோடு வந்திருந்த அர்மீதா சிலையின் பின்பக்கம் போனாள். மலை சரிந்தபோது புருஷனைப் பறிகொடுத்தவள். இறங்கிய தோளில் கை வைத்தாள். நேரம் கழித்தே எடுத்தாள்.

"இந்தத் தோளுக்கு நான் எத்தனை சட்டை தைத்திருக்கிறேன்," என்றாள். "ஒரே குறை. அவருக்கு இறங்கியது இடது தோள்."

யாரோ சிரித்தார்கள். பிறகு எல்லோரும். உகோ மூக்கைச் சிந்தினார்.

"சரி, சரி. நான் சம்மதித்துவிட்டேன் என்று எழுதிக்கொள். பீடத்தில் என்ன வெட்டுவது? 'தொழிலாளி' என்றா?" அவர் நீவெஸைப் பார்த்துக் கேட்டார்.

"எனக்கு ஆட்களைத்தான் செய்யத் தெரியும்," என்றார் நீவெஸ். "பெயரைச் சிற்பி படிப்பார்."

தன்னைத்தான் சொல்கிறார் என்று ஓரெஸ்தேக்குப் புரியச் சற்று நேரமானது. பீடத்தின் ஈர மண்ணில் தான் கீறியிருந்த எழுத்துகளுக்கு அருகே குனிந்தார். வாசலில் மெருகுத் தூள் படிந்த சட்டையோடு ஒருவர் வந்து நின்றார். பெரியவர்கள் தொப்பிகளைக் கழற்றினார்கள். ஓரெஸ்தே மூச்சை இழுத்து, எங்கும் இறங்காமல், சத்தமாகப் படித்தார்:

"வைத்திலிங்கம் ஞானசேகரம்."