மூடுபனியில் பாடிய வேங்கைப் பலகை

பறவைகளும் மனிதர்களும் ஒரே பேச்சில் பேசிக்கொண்டிருந்த அந்தக் காலத்தில், ஈச்சம்பாறை என்று ஒரு மலையூர் இருந்தது. பதினோரு குடிசைகள், சரிவில் தினைக்காடு, ஊருக்குப் பின்னால் ஒரு வாழைத்தோப்பு. அவ்வளவுதான் ஊர். எதிரே இரண்டு மேடுகளைத் தாண்டிப் போனால் தேன்பாறை. அந்தப் பாறையில் கட்டியிருந்த மலைத்தேன்தான் ஊருக்கு வருமானம், மருந்து, விருந்து எல்லாம்.

தேன்பாறைக்குப் போகிறவர்களுக்குப் பாறையைவிட மூடுபனியிடம்தான் பயம். திடீரென்று இறங்கும். இறங்கினால் நீட்டிய கை தெரியாது. ஊருக்கு வரும் பாதையும் அருவிப் பள்ளத்துக்குப் போகும் பாதையும் ஒரே இடத்தில்தான் பிரியும்.

பனிக்குள் வழி தவறினால் கூப்பிட்டுக்கொள்ளலாமே என்று தோன்றும். அதுதான் முடியாது. அந்தக் காட்டில் துடுப்புவால் கரிச்சான்கள் நிறைய. கேட்ட குரலை அப்படியே திருப்பிச் சொல்லும் பறவை அது. கெட்ட எண்ணமெல்லாம் கிடையாது, விளையாட்டுதான். ஆனால் அந்த விளையாட்டில், பெண்டாட்டி கூப்பிடுகிறாள் என்று நம்பிப் போன ஒருவன் அருவியில் விழுந்து செத்துப்போனான். அதிலிருந்து ஊரில் ஒரு கட்டுப்பாடு வைத்தார்கள். பனிக்குள் எந்தக் குரல் கூப்பிட்டாலும் போகக்கூடாது. பறைச் சத்தத்தை மட்டும்தான் நம்பிப் போக வேண்டும். கரிச்சானின் தொண்டைக்குக் குரல் வரும், பறை வராது.

பறை அடிப்பவன் பெயர் சடையன். தேனெடுக்கப் போனவர்களுக்காக அவன் அடிக்கும் அடிக்கு 'வீட்டடி' என்று பெயர். அதைக் கேட்டு வழி தவறியவர்கள் யாருமில்லை.

அந்த வருஷம் மழை முன்னதாகவே வந்துவிட்டது. மூன்று நாள் விடாமல் தூறி, நான்காம் நாள் காலையில் வானம் வெளுத்தது. இதை விட்டால் இனித் தேன் கிடைக்காது என்று ஐந்து பேர் கிளம்பினார்கள். அவர்களில் ஒருவன் காடன். அவன் மனைவி மாதி கேழ்வரகுக் களியைக் கட்டிக் கொடுத்தாள். "பொழுது சாயுறதுக்குள்ள வந்துடுவேன்" என்று சொல்லிவிட்டுப் போனான்.

உச்சிப்பொழுது தாண்டியதும் பனி இறங்கியது. வாழைத்தோப்பு மறைந்தது, பக்கத்துக் குடிசை மறைந்தது. சடையன் பறையை எடுத்து அடித்தான். ஈரக் கோணியைத் தட்டியது போலச் சத்தம் வந்தது. மூன்று நாள் ஈரத்தில் தோல் தொய்ந்துபோயிருந்தது.

அவசரமாகத் தீ மூட்டிப் பறையைக் காய்ச்சினான். வழக்கமாக மெதுவாகக் காட்டி எடுப்பவன், அன்று பதற்றத்தில் நெருப்புக்கு மிக அருகில் பிடித்துவிட்டான். படீரென்று தோல் நடுவில் கிழிந்தது.

சத்தம் கேட்டு மாதி ஓடி வந்தாள். சடையன் கிழிந்த பறையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். அவளைப் பார்க்காமலே, "என்னாலதான் போச்சு தங்கச்சி" என்றான்.

மாதிக்கு அவனைத் திட்ட வாய் வந்தது, திட்டவில்லை. "வேற பறை இல்லையா அண்ணே?"

"இது ஒண்ணுதான்."

அப்போது கூரை மேலிருந்து ஒரு குரல் வந்தது. "அஞ்சு பேரும் ஊர்ப் பாதைன்னு நினைச்சு அருவிப் பக்கம் நடக்குறாங்க."

மாதியின் குடிசைக்குப் பின்னால் பட்ட பலா மரத்தில் குடியிருந்த மரங்கொத்தி அது. அந்த மரத்தை விறகுக்கு வெட்டப் போன காடன், பொந்துக்குள் குஞ்சு இருப்பதைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தவன். அன்றிலிருந்து இரண்டு வீட்டாருக்கும் நல்ல பழக்கம்.

"நீ பாத்தியா?"

"மரத்துக்கு மரம் தாவிப் போய்ப் பார்த்தேன். 'காடா, திரும்பு'ன்னு கத்தினேன். காதைப் பொத்திக்கிட்டான். என்னைக் கரிச்சான்னு நினைச்சுட்டான். கட்டுப்பாட்டை மீற மாட்டேங்கிறான்."

"பள்ளத்துக்கு இன்னும் எவ்வளவு தூரம்?"

"மெதுவாத்தான் நடக்குறாங்க, தடவித் தடவி. இருட்டுறதுக்கு முன்னாடி போய்ச் சேர்ந்துடுவாங்க."

குரல் உதவாது. பறை கிழிந்துவிட்டது. குரலும் இல்லாமல் பறையும் இல்லாமல் தூரம் போகக்கூடிய சத்தம் எது என்று மாதி யோசித்தாள். இந்த மரங்கொத்தி பட்ட மரத்தில் கொத்தினால் அடுத்த மேடு வரைக்கும் கேட்பது அவளுக்கு நினைவு வந்தது.

"மரத்தைத் தட்டினா கேக்கும்தானே?"

"ஈர மரம் பேசாது. நல்லாக் காய்ஞ்சு, புழு விழாத வேங்கையா இருந்தா பேசும். இந்த மழையில எங்க இருக்கு காய்ஞ்ச மரம்?"

மாதி குடிசைக்குள் போனாள். உள்ளே தினை கொட்டி வைத்த குதிர் இருந்தது. அதன் வாயை மூடியிருந்தவை வேங்கைப் பலகைகள், ஏழு வருஷம் அடுப்புப் புகையில் காய்ந்தவை. அவற்றை ஒவ்வொன்றாகப் பிடுங்கி எடுத்தாள்.

பின்னாலேயே வந்த சடையன் தடுத்தான். "குதிர் வாயைத் திறந்து வச்சா ஈரம் ஏறிடும். ஒரு வருஷத் தினை முளைச்சுப் போயிடும் தங்கச்சி."

"திங்கிறதுக்கு ஆள் வரட்டும் முதல்ல" என்றாள் அவள்.

பலகையைத் தரையில் போட்டுக் கட்டையால் அடித்தாள். 'தொப்'பென்றது. சடையன் கையில் பிடித்துக்கொள்ள, அடித்துப் பார்த்தாள். அதே 'தொப்'. கயிற்றில் கட்டி வாசல் கூரையில் தொங்கவிட்டாள். ஒரு அடி விழுந்ததும் பலகை சுழன்று ஓடியது, அடுத்த அடி காற்றில் விழுந்தது. பொழுது போய்க்கொண்டிருந்தது. மாதி சோர்ந்துபோய் வாசலிலேயே காலை நீட்டி உட்கார்ந்துவிட்டாள். கயிறு அறுந்து, தொங்கிய பலகை அவள் இரண்டு கால்களின் மேல் குறுக்கே விழுந்தது. ஆத்திரத்தில் கையிலிருந்த கட்டையால் அதன் நடுவில் ஒரு போடு போட்டாள்.

பலகை பாடியது.

குறுகிய சத்தம்தான், ஆனால் 'தொப்' இல்லை. மரத்துக்குள்ளிருந்து ஏதோ எழுந்து வந்தது போல இருந்தது. சடையன் அப்படியே நின்றுவிட்டான். மாதி மறுபடி அடித்தாள். பலகையில் ஒட்டிக்கொண்டிருந்த தினை மணிகள் துள்ளின. ஒவ்வொரு அடிக்கும் துள்ளித் துள்ளி நகர்ந்து, கடைசியில் பலகையின் குறுக்கே இரண்டு கோடுகளாக ஒதுங்கி நின்றன. ஒவ்வொரு முனையிலிருந்தும் கால் பங்குக்குக் கொஞ்சம் குறைவான தூரத்தில் ஒரு கோடு.

"மரம் முழுக்க நடுங்குது, அந்த ரெண்டு கோட்டுல மட்டும் நடுங்கல" என்றது மரங்கொத்தி. "அதனாலதான் தினை அங்க போய் நிக்குது. உன் காலை அதுக்கு நேரா வை. வேற எங்க தொட்டாலும் அதுக்கு வாய் அடைச்சுப் போகும்."

மாதி கால்களைச் சற்று அகற்றி, இரண்டு கோடுகளுக்கும் நேர் கீழே கொண்டுவந்தாள். இப்போது அடித்தபோது சத்தம் நீண்டு நின்றது. ஆனால் கட்டை பலகையில் மோதும் 'டக்' என்ற ஒலி முன்னால் வந்து, பாட்டை அமுக்கியது.

சடையனுக்கு இது தெரிந்த வேலை. பறைக் குச்சியோடு பிறந்தவன் மாதிரி வளர்ந்தவன் அவன். கிழிந்த பறையின் ஓரத்தில் ஈரம் காயாத தோலை நீளமாகக் கிழித்தான். கட்டையின் முனையில் தேன்மெழுகை அப்பி, அதன்மேல் தோலை உருண்டையாகச் சுற்றிக் கட்டினான். அடித்தான். 'டக்' போய்விட்டது. உருண்டையான, ஆழமான ஒலி பனிக்குள் இறங்கிப் போனது.

"நீ அடி அண்ணே. நான் அசையாம இருக்கேன்" என்றாள் மாதி.

அவன் அடிக்க அடிக்க மரங்கொத்தி பறந்து போனது. திரும்பி வந்தபோது அதன் முகம் நன்றாக இல்லை.

"கேட்டுச்சா?"

"கேட்டுச்சு. நின்னாங்க. காது கொடுத்தாங்க. அப்புறம் காடன், 'மரங்கொத்திதான், வாங்க'ன்னு சொல்லிட்டு நடந்தான்." சற்று நிறுத்தி, "நான் இப்படியா கொத்துவேன்?" என்றது.

யாரும் சிரிக்கவில்லை. மாதி கேட்டாள்: "நீ கொத்துனா எத்தனை விதமாச் சத்தம் வரும்?"

"ஒரு மரத்துக்கு ஒண்ணுதான். வேற சத்தம் வேணும்னா வேற மரத்துக்குப் பறக்கணும்."

"அப்ப ஒரே இடத்துலருந்து ரெண்டு மூணு சத்தம் வந்தா, அது நீ இல்லைன்னு தெரியும்ல?"

சடையன் அதற்குள் அரிவாளை எடுத்துவிட்டான். இரண்டாவது பலகையை ஒரு சாண் குறைத்து வெட்டினான். அடித்துப் பார்த்தான், ஒலி மேலே ஏறியது. மூன்றாவதை இன்னும் குட்டையாக வெட்டினான், இன்னும் மேலே ஏறியது. குதிரின் வாயை மூட இனி ஒரு முழுப் பலகையும் இல்லை. நீளமானதை மாதியின் பாதங்கள் அகன்றிருந்த பக்கம் வைத்தான். நடுவிலுள்ளதை அடுத்து வைத்தான். குட்டையானது கால்கள் நெருங்கும் முழங்காலுக்குப் பக்கத்தில்தான் சரியாக உட்கார்ந்தது. இன்னொரு கட்டைக்கும் அப்படியே தோல் சுற்றி, கைக்கொன்று எடுத்துக்கொண்டான். வீட்டடியை அடிக்கத் தொடங்கினான். பறையில் அழுத்தி அடிக்கும் இடத்தில் நீளப் பலகை, தட்டி எடுக்கும் இடத்தில் குட்டைப் பலகை.

ஊரே வந்து பனிக்குள் நின்றது. ஒருவரும் பேசவில்லை, பேசினால் கரிச்சானுக்குக் குரல் கிடைத்துவிடும். சடையனின் நெற்றியிலிருந்து வியர்வை பலகையில் சொட்டியது. ஒவ்வொரு அடியும் மாதியின் எலும்பில் இறங்கியது. முதலில் கால் வலித்தது, பிறகு எரிந்தது, பிறகு ஒன்றுமே தெரியவில்லை. அசைந்தால் பலகை நகரும், நகர்ந்தால் வாயடைக்கும் என்று பல்லைக் கடித்துக்கொண்டாள். கண்ணை மூடி எண்ணத் தொடங்கி, எண்ணிக்கை தவறி, மறுபடி தொடங்கினாள்.

மரங்கொத்தி வந்து அவள் தோளில் உட்கார்ந்தது. மெதுவாக, அவளுக்கு மட்டும் கேட்கும்படி சொன்னது. "திரும்பிட்டாங்க. முதல்ல நின்னது காடன்தான். 'இது பறை இல்லை, ஆனா இது சடையன் கை'ன்னான்."

மாதி தலையை மட்டும் ஆட்டினாள்.

வெகுநேரம் கழித்துப் பனிக்குள் ஒரு இருமல் கேட்டது. பிறகு தேன்குடுவைகள் ஒன்றோடொன்று உரசும் சத்தம். முதலில் ஒரு கம்பு தெரிந்தது, அதைப் பிடித்த கை தெரிந்தது, அப்புறம் ஆள். ஒருவன் இடுப்புத் துணியை அடுத்தவன் பிடித்தபடி வந்தார்கள். ஊர் வாய்க்குள் எண்ணியது. ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு. நான்காமவனுக்குப் பின்னால் கொஞ்சம் இடைவெளி. பிறகு, கடைசியாக, மற்றவர்களை முன்னால் விட்டு வந்த காடன்.

சடையன் கட்டைகளைக் கீழே போட்டுவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டான். தோள் குலுங்கியது.

எல்லோரும் ஒரே நேரத்தில் பேச ஆரம்பித்தார்கள். மாதி மட்டும் எழுந்திருக்கவில்லை. காடன் அவள் முன்னால் வந்து குந்தினான்.

"என்ன, எழுந்து வர மாட்டியா?"

"கால் இருக்கா இல்லையான்னே தெரியல" என்றாள். சொல்லி முடிப்பதற்குள் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்துவிட்டது. அவன் பலகைகளை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டுப் பார்த்தான். கால் முழுக்கக் கன்றிச் சிவந்திருந்தது. குடுவையிலிருந்து தேனை எடுத்துத் தடவினான். அவளைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனவன், திறந்து கிடந்த குதிரின் வாயைப் பார்த்து ஒரு நிமிஷம் நின்றான். 

தினை பாதிக்கு மேல் முளைத்துத்தான் போனது. முளைத்ததை ஊரே பங்கிட்டுக்கொண்டு, காயவைத்து இடித்துக் கஞ்சி வைத்தது. லேசான தித்திப்போடு இருந்த அந்தக் கஞ்சியை ஒரு மாதம் குடித்தார்கள். முகம் சுளித்தவர் யாருமில்லை.

மறுநாள் சடையன் வாழைத்தோப்புக்குப் போய் இரண்டு தண்டுகளை வெட்டி வந்தான். மாதியின் கால்கள் இருந்த மாதிரியே, ஒரு பக்கம் அகலமாகவும் மறுபக்கம் நெருக்கமாகவும் தரையில் போட்டு, அவற்றின் மேல் பலகைகளை அடுக்கினான். தண்டு கால் மாதிரியே மெத்தென்று இருந்தது, பலகை நன்றாகப் பாடியது. இனி யார் காலும் கன்ற வேண்டியதில்லை என்று எல்லோருக்கும் நிம்மதி. பலகைகள் மூன்றிலிருந்து ஐந்தாயின, ஐந்திலிருந்து ஏழாயின. தேன் வாங்க வந்தவர்கள் பார்த்துவிட்டுப் போய்த் தங்கள் ஊரில் செய்துகொண்டார்கள். ஒரு ஊரில் பலகைக்கு அடியில் சுரைக்குடுக்கை தொங்கவிட்டுச் சத்தத்தைப் பெருக்கினார்கள். இன்னொரு ஊரில் வாழைத்தண்டுக்குப் பதில் கயிறு கட்டினார்கள். கடல் தாண்டிப் போன இடத்தில் மரத்துக்குப் பதிலாக வெண்கலத்தைக்கூட வைத்தார்கள்.

எங்கே போனாலும் சில காரியங்களை மட்டும் யாரும் மாற்றவில்லை. அடிக்கும் கட்டையின் முனையில் எதையாவது சுற்றி மெத்தென்று ஆக்குகிறார்கள். பலகையை ஆணியால் இறுக்கி அறைவதில்லை, தினை ஒதுங்கிய அந்த இரண்டு கோடுகளில்தான் தாங்குகிறார்கள். அந்த வாத்தியம் ஒரு முனையில் அகன்று மறுமுனையில் ஒடுங்கியிருப்பதும், பனி இறங்கிய அந்தப் பகலில் மாதி வாசலில் கால் நீட்டி உட்கார்ந்ததிலிருந்துதான்.