பத்து நொடி மௌனம்

படத்தில் அந்த இடத்தில் எந்த ஓசையும் இருக்கக் கூடாது. அடியவளாக நடிக்கும் பெண் கண்மூடி நிற்கிறாள். கருவறைக் கதவு திறக்கிறது. இறைவன் தோன்றும் பத்து நொடிக்கு முழு மௌனம். ஆனால் திரையிட்டபோது ஓசை கேட்டது. யாரோ வாயைத் திறக்காமல் முனகுவது போல ‘ம்ம்ம்’ என்று ஓர் ஒலி. கோவைக்கு மேற்கே, நொய்யல் சவுண்டு ஸ்டூடியோவில் ஒலிப்பதிவாளராக இருந்த செவ்வந்தியப்பர் அந்தப் பத்து நொடியைப் பதினோரு முறை பதிவு செய்தார். பதினோரு முறையும் முனகல் இருந்தது. பதிவு செய்கையில் அவர் காதில் மாட்டியிருந்த கருவியில் அது கேட்கவில்லை. பிலிமைக் கழுவிக் கொண்டுவந்து ஓட்டினால் மட்டும் கேட்டது. மைக்கில் நுழையாத ஓசை பிலிமில் எப்படி ஏறியது என்று அவருக்கு விளங்கவில்லை.

தமிழ்ப்படம் பேசத் தொடங்கிப் பத்தாண்டுகூட நிறையாத காலம் அது. செவ்வந்தியப்பரின் தகப்பனார் சாவு வீடுகளில் சங்கு ஊதிப் பிழைத்தவர். இவர் பம்பாயிலிருந்து வந்த ஒலிப்பதிவு இயந்திரத்தைத் துணியால் துடைக்கும் வேலைக்குச் சேர்ந்தார். நான்கு வருடம் துடைத்ததிலேயே அதன் ஒவ்வொரு திருகும் எதற்கு என்று தெரிந்துகொண்டார். இயந்திரத்தோடு வந்த பம்பாய்க்காரர் காய்ச்சலில் ஊர் திரும்பியபோது அதை இயக்க வேறு ஆள் இல்லாததால் இவரை உட்கார வைத்தார்கள். அவருடைய இடம், தேங்காய்நாரும் பஞ்சும் அடைத்த ஒரு மரக்கூண்டு. விசிறி சுழன்றால் சத்தம் வரும் என்பதால் அதற்குள் காற்று கிடையாது. சித்திரை வெயிலில் அதற்குள் இருந்தபடி அவர் ஏழு படங்களுக்கு ஒலி பிடித்திருந்தார்.

காலையில் ஸ்டூடியோவுக்குப் போகுமுன் ஆற்றங்கரையிலுள்ள செவிசாய்த்த ஈசர் கோயிலுக்குப் போவார். அங்கே லிங்கத் திருமேனி ஒரு பக்கமாகச் சற்றுச் சாய்ந்திருக்கும். அடியார் சொல்வதைக் கேட்கக் காது கொடுத்த கோலம் என்பார்கள். செவ்வந்தியப்பர் ஒரு குடம் நீர் கொண்டுபோய் வைப்பார். மணியை ஒரே ஒரு முறை அடிப்பார். அதன் ரீங்காரம் எந்தக் கணத்தில் முற்றிலும் அடங்குகிறதோ அதுவரை அசையாமல் கேட்டுக்கொண்டு நிற்பார். அவருடைய வழிபாடு அவ்வளவுதான். ஓசை அடங்கிய பிறகு இருப்பதே ஈசன் என்பது அவர் நம்பிக்கை. அதனால்தான் படத்தின் அந்தப் பத்து நொடியை அவரால் விட முடியவில்லை.

ஸ்டூடியோவில் முதலில் கேலிதான் எழுந்தது. பிலிம் கழுவும் கூடத்தின் தலைவர் பாப்பையா, எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது சொன்னார்.

“சாவு வீட்டுல சங்கு ஊதுன கை பாருங்க. மைக்கத் தொட்டா அதுவும் ஒப்பாரி வெக்குது.”

சிரிப்பு அடங்கியபின் இன்னொருவர் யோசனை சொன்னார்: “அந்த எடத்துல வீணையை வாசிச்சு மூடிப்புடலாமுங்க. யாருக்குத் தெரியப் போவுது?”

“சாமி வர்ற எடத்துல பூச்சு வேண்டாமுங்க,” என்றார் செவ்வந்தியப்பர்.

கேலி போய்ச் சந்தேகம் வர அதிக நாள் ஆகவில்லை. ஊருக்கு வடக்கே புதிதாக ஒரு ஸ்டூடியோ எழும்பிக்கொண்டிருந்தது. முதலாளி மாராக்கவுண்டருக்கு அதை நினைத்தாலே தூக்கம் வராது. இத்தனை நாள் நன்றாக ஒலி பிடித்தவர் இப்போது மட்டும் ஏன் கெடுக்கிறார்? யாரோ ஏவி விட்டிருக்கிறார்கள் என்று அவர் முடிவு கட்டினார். செவ்வந்தியப்பரின் தூக்குப்பாத்திரத்தை வாசலில் திறந்து பார்க்கச் சொன்னார். வாயிற்காவலர் பொங்கியண்ணனை அழைத்து, அவர் போகுமிடமெல்லாம் பின்னாலேயே போகச் சொன்னார்.

மூன்று வாரம் பொங்கியண்ணன் நிழலாகத் தொடர்ந்தார். அவர் கொண்டுவந்த செய்தி முதலாளிக்குப் போதவில்லை.

“யாருகிட்டயும் பேசறதே இல்லீங்க. காலைல கோயிலுக்குப் போறாருங்க. ஒருக்கா மணியடிக்கறாரு. அப்பறம் மரமாட்டம் நிக்கறாருங்க.”

“ஒருக்காத்தான் அடிக்கறானா?”

“ஒருக்காத்தானுங்க.”

“அப்ப அது சைகைடா! அக்கரைல எவனோ நிக்கறான். நல்லாப் பாரு.”

பொங்கியண்ணன் அக்கரையையும் பார்த்தார். அங்கே எருமைகள் மட்டுமே நின்றன. தம்மை ஒருவர் தொடர்வது செவ்வந்தியப்பருக்கு இரண்டாம் நாளே தெரிந்துவிட்டது. காலடி ஓசையைக் கொண்டே ஆளை அறியும் காது அது. ஒரு நாள் திரும்பிப் பார்த்து, “பொங்கியண்ணா, வெயில்ல நின்னு தலைவலிய வாங்கிக்காதீங்க. உள்ள வாங்க,” என்று தம் பங்குப் பொங்கலில் பாதியைக் கொடுத்தார். அதுமுதல் பொங்கியண்ணன் தூணுக்குப் பின்னால் உட்கார்ந்தே வேவு பார்த்தார்.

ஆனால் சந்தேகம் ஒட்டிக்கொள்ளும் நோய். அது அடியாரையும் பிடித்தது. பாப்பையாவின் ஆட்கள் இயந்திரத்தைத் தொடுகிறார்களோ என்று எண்ணி, கூண்டின் பூட்டில் ஒரு தலைமயிரை ஒட்டிவைத்துப் போனார். மறுநாள் காலை கோயிலில் மணியடித்து நின்றபோது, அது எப்போது அடங்கியது என்று அவருக்குத் தெரியவில்லை. மனம் பூட்டில் இருந்தது. அத்தனை வருடங்களில் அப்படி ஒருமுறையும் ஆனதில்லை. நேரே ஸ்டூடியோவுக்குப் போய், மயிர் அறுந்திருக்கிறதா என்றுகூடப் பாராமல் அதைப் பிய்த்தெறிந்தார்.

அன்று வெள்ளிக்கிழமை. மாராக்கவுண்டர் அவரைக் கூப்பிட்டுச் சொன்னார்: “அடுத்த வெள்ளி மறுபடியும் போட்டுப் பாப்பேன். அப்பவும் அந்த முக்கல் முனகல் கேட்டுச்சுன்னா பம்பாய்ல இருந்து ஆள் வருவான். நீ எந்த ஸ்டூடியோ வாசலையும் மிதிக்க முடியாம நான் பாத்துக்குவேன்.”

“ஈசன் கேக்கறானுங்க,” என்று மட்டும் சொல்லி அவர் கும்பிட்டார்.

அந்நாளில் பிலிமில் ஒலி எப்படித் தங்கியது என்பதை இங்கே சொல்லிவிட வேண்டும். பேசும் குரல் மைக்கில் மின்சாரமாகிறது. அம்மின்சாரம் ஒரு சிறு ஒளிக்கீற்றைக் கூட்டியும் குறைத்தும் ஆட்டுகிறது. ஓடும் பிலிமின் ஓரத்தில் அந்த ஒளி ஒரு பட்டையாக விழுகிறது. கழுவியபின் பார்த்தால் பட்டையில் மெல்லிய கோடுகள் அடர்ந்தும் வெளிறியும் தெரியும். திரையரங்கில் அப்பட்டையின் வழியே விளக்கொளியைச் செலுத்தினால் ஒளி அதே போல் கூடிக் குறையும். அது மறுபடி மின்சாரமாகி, ஒலியாகும். ஆக, எந்தக் காரணத்தாலும் அப்பட்டை ஒழுங்கான இடைவெளியில் கறுத்தால் அதுவும் ஓர் ஓசையாகக் கேட்கும்.

மின்சாரக் கோளாறுதான் என்று எல்லோரும் சொன்னார்கள். மின்சாரம் ஒரு நொடிக்கு ஐம்பது சுழல் சுழல்கிறது. ஒவ்வொரு சுழலுக்கும் இரண்டு முறை இயந்திரத்தை அதிரவைக்கிறது. எனவே மின்சார முனகல் என்றால் நொடிக்கு நூறு அதிர்வு. செவ்வந்தியப்பர் கம்பிகளை மாற்றினார், வெறும் பாட்டரியில் ஓட்டினார்; முனகல் போகவில்லை. சனிக்கிழமை அவர் திரையிடும் அறையில் பிலிமை ஓடவிட்டு, வெளியே மின்மாற்றி முனகுவதையும் சேர்த்துக் கேட்டார். இரண்டும் ஒன்றே போலத்தான் இருந்தன. ஆனால் சேர்ந்து ஒலிக்கையில் ஓசை சீராக இல்லாமல் எழுந்து எழுந்து தாழ்ந்தது. சுருதி மயிரிழை விலகிய இரு நாயனங்கள் சேர்ந்து ஊதினால் அப்படித்தான் அலையடிக்கும். ஒன்றுக்கும் மற்றதற்கும் எத்தனை அதிர்வு வித்தியாசமோ, நொடிக்கு அத்தனை அலை. அவர் விரலால் தாளமிட்டு எண்ணினார். பத்து நொடிக்கு நாற்பது. நொடிக்கு நான்கு.

அப்படியானால் இது நூறு அல்ல. பாட்டரியில் ஓட்டியபோதும் மாறாததால் மின்சாரமும் அல்ல. மின்மாற்றியைவிட ஒரு துளி தாழ்வாகக் கேட்டதால், தொண்ணூற்றாறு. ஆனால் நொடிக்குத் தொண்ணூற்றாறு முறை எது துடிக்கிறது? ஸ்டூடியோவிலுள்ள ஒவ்வொரு சக்கரத்தையும் எண்ணிப் பார்த்தார். எதுவும் பொருந்தவில்லை. ஞாயிறு போயிற்று, திங்களும் போயிற்று.

செவ்வாய்க்கிழமைதோறும் மாலையில் அக்கோயில் மண்டபத்தில் ஒரு ஜவுளிக்கடைக்காரர் சைவ சித்தாந்த வகுப்பு நடத்துவார். செவ்வந்தியப்பர் கடைசி வரிசையில் இருப்பார். ஆகவே பொங்கியண்ணனும் இருக்க வேண்டியதாயிற்று. அன்று வகுப்பு முடிந்து படியிறங்கும்போது, வேவுகாரர் வேவை மறந்து அருகில் வந்தார்.

“ஏனுங் சாமி, கேக்கறனேன்னு தப்பா நெனக்காதீங்க. மண்டை காயுதுங்க.”

“சொல்லுங்கண்ணா.”

“அந்தக் கடைக்காரரு மொதல்ல தத்துவம் இருபத்துநாலுன்னாரு. இன்னைக்கு மொத்தம் தொண்ணூத்தாறுங்கறாரு. வெரல் வுட்டு எண்ணிப் பாத்தேன். இருபத்துநால நாலால பெருக்குனா சரியா வருதுங்க. அந்த நாலு மட்டும் எதுன்னு புரியலீங்க.”

சித்தாந்தத்தில் அந்தக் கணக்கு தவறு. ஆன்ம தத்துவம் இருபத்துநான்கு, வித்தியா தத்துவம் ஏழு, சிவ தத்துவம் ஐந்து, அவற்றின் விரிவாக அறுபது; கூட்டினால்தான் தொண்ணூற்றாறு. அங்கே பெருக்கலுக்கு வேலையே இல்லை. செவ்வந்தியப்பர் அதைச் சொல்லத்தான் வாயெடுத்தார். அதற்குள் வேறொரு கணக்கு மனதில் விழுந்தது. நொடிக்கு இருபத்துநான்கு படக்கட்டம் ஓடுகிறது. ஒரு கட்டத்துக்கு, பிலிமை இழுக்கும் பல் நுழைய, ஓரத்தில் நான்கு துளை.

“நாலு ஓட்டைங்ணா,” என்றார். “நாலும் ஓட்டை!”

“சிவ சிவா, தத்துவத்துலயே ஓட்டையா?” என்று திகைத்தார் பொங்கியண்ணன். செவ்வந்தியப்பர் அவரைக் கைகூப்பி வணங்கிவிட்டு, படியிலேயே உட்கார்ந்து அழுதார். தம்மேல் ஏவப்பட்ட வேவுகாரரின் வாயையே ஈசன் தேர்ந்தெடுத்துப் பேசிவிட்டான் என்பது அவருக்குப் புரிந்துவிட்டது.

மறுநாள் உருப்பெருக்கிக் கண்ணாடியை வைத்துப் பார்த்தார். ஒவ்வொரு துளையிலிருந்தும் ஒலிப்பட்டையின் மேல், மை தொட்ட விரல் பட்டது போல ஒரு மங்கிய கறை. துளைக்கு ஒன்று, நொடிக்குத் தொண்ணூற்றாறு. பதிவு செய்யும்போது இல்லாத கறை, கழுவும்போது வந்தது. அவர் பாப்பையாவின் இருட்டறைக் கதவைத் தட்டினார்.

“எங்கூட்டுல உனக்கென்ன சோலி? பழிய இங்க கொண்டாந்து போடலாம்னு பாக்கறயா?”

“பழி இல்லீங்க. ஒரு ஓரமா நின்னு கேட்டுட்டுப் போயிடறனுங்க.”

சிவப்பு விளக்கின் கீழே, மரச்சட்டத்தில் பிலிமைச் சுற்றி நால்வர் மருந்துத் தொட்டியில் இறக்கியிருந்தார்கள். மருந்தின் ஆவியில் கடிகாரம் எப்போதோ நின்றுபோனதால், அங்கே நேரத்துக்குக் கணக்கு ஒயில்கும்மிப் பாட்டு. குளிர்காலத்தில், அடிக்கு ஒரு நிமிடமாக, பாட்டின் ஒன்பது அடி பாடினால் பிலிம் கழுவியாகும். கோடையில் சூடான மருந்து வேகமாக வேலை செய்யும். ஆறு அடி போதும். அவசரத்தில் பாட்டும் வேகம் பிடித்துவிட்டது. அடிக்கு அடி, தாளம் தப்பாமல், சட்டத்தை மேலும் கீழுமாகக் குலுக்கினார்கள். குலுக்கும்போதெல்லாம் மருந்து துளைகளின் வழியே பீச்சியடித்தது. புது மருந்து அதிகம் உராய்ந்த இடம் அதிகம் கறுத்தது. யாரும் கெடுக்கவில்லை. நன்றாகச் செய்ய வேண்டுமென்றே நால்வர் மனமொத்துப் பாடியதால் வந்த வினை. மற்றக் காட்சிகளில் பேச்சும் பாட்டும் அந்த முனகலை மூடியிருந்தன.

வியாழக்கிழமை, மௌனக் காட்சியை ஒரே பிலிமில் அடுத்தடுத்து இருமுறை பதிவு செய்து, அதை இரண்டாக வெட்டி, ஒரு பாதியை அவர்கள் வழக்கப்படியும் மறுபாதியைத் தம் சொற்படியும் கழுவக் கேட்டார். பாப்பையா முறைத்தபடியே கழுவிக் கொடுத்தார். வெள்ளிக்கிழமை மாராக்கவுண்டர் முன்னிலையில் முதல் பாதி ஓடியது. ‘ம்ம்ம்’ என்றது. இரண்டாம் பாதி ஓடியது. பெண் கண்மூடி நின்றாள், கதவு திறந்தது, பத்து நொடி, அந்த அறையில் மூச்சுவிடும் ஓசைதான் இருந்தது. பொங்கியண்ணன் தம்மையறியாமல் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

“சங்குக்காரரே,” என்றார் பாப்பையா மெல்ல. “ஒண்ணுமே கேக்கலீங்களே!”

“அதைத்தாங்க பதிவு பண்ணுனேன்.”

மாராக்கவுண்டர் எழுந்து நின்றார். “செரி, யாரு பண்ணுனது? பேரைச் சொல்லு.”

அந்த அறையில் பாப்பையாவின் முகம் வெளிறியது. செவ்வந்தியப்பர் அவர் பக்கம் பார்க்கவே இல்லை.

“தண்ணி பண்ணுச்சுங்க. பாட்டு கொஞ்சம் வேகமாப் போச்சுங்க. அவ்வளவுதானுங்க.”

அன்று மாலை கோயிலில், ஸ்டூடியோ விவரம் எதுவும் அறியாத அர்ச்சகர் ஈசன் மேலிருந்த மாலையை எடுத்து, வழக்கமில்லாத வழக்கமாக, கடைசியில் நின்ற செவ்வந்தியப்பரைத் தேடி வந்தார். ஏன் என்று கேட்டதற்கு, “தெரியல. கொடுக்கணும்னு தோணுச்சு,” என்றார். அடியார் அதை இரு கைகளாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றி, பொங்கியண்ணனின் கழுத்தில் போட்டார்.

பிறர் தம்மேல் வைத்த சந்தேகத்தைப் பிறர்மேல் திருப்பாதவர், மௌனத்தைக் காக்கத் தம் பிழைப்பையே பணயம் வைத்தவர் செவ்வந்தியப்பர். அப்பெரியவர் தம் கையால் எழுதி இருட்டறைக் கதவில் ஒட்டிய முறை இது: மருந்துத் தொட்டியைச் சுற்றிப் பனிக்கட்டி வைத்துக் குளிரச் செய்க. ஒன்பது அடியும் நிதானமாகப் பாடுக. பாடும்போது சட்டத்தைக் குலுக்க வேண்டாம். ஒவ்வோர் அடியின் முடிவிலும் ஒருமுறை மட்டும் மெல்ல வெளியே தூக்கி, வடியவிட்டு, மறுபுறம் திருப்பி மெல்ல இறக்குக. துளைகளின் அருகே கறை விழாது, முனகல் வராது.