ஆட்காட்டி வெட்டவெளிக்கு வந்த கதை

மிருகமும் பறவையும் நம்மைப் போலவே வாய்விட்டுப் பேசிக்கொண்ட அந்தக் காலத்தில், பெரிய ஏரி ஒன்றைக் கிழட்டு யானை ஒன்று ஆண்டுவந்தது. முன்பெல்லாம் அது பிளிறினால் ஏழு மலைக்குக் கேட்கும். இப்போதோ கண் மங்கி, தந்தம் தேய்ந்து போச்சு. கரையோரத்து முயல்கூட ஒரு கும்பிடு போடாமல் தாண்டிப் போனது.

ஏரித்துறைக்குக் காவல் ஆட்காட்டிக் குருவி. யார் தண்ணீர் குடிக்க வந்தாலும் அது கத்திச் சொல்லும். யானை தலையசைத்த பிறகுதான் வாய் வைக்கலாம். அதுதான் அங்கே முறை. கோரைப் புதருக்குள் அதன் கூடு. கூட்டில் நான்கு முட்டை.

வடக்கு மலையில் புலிக்கூட்டம், மேற்குக் காட்டில் கரடிக்கூட்டம். ஏரி தனக்கு வேண்டும் என்பதைவிட, அடுத்தவனுக்குப் போய்விடக் கூடாதே என்பதுதான் இரண்டுக்கும் பெரிய கவலை.

புலித் தலைவன் வந்தது. "ராசா, உங்களுக்கு வயசாச்சு. இந்த மான்களை இனி நான் பார்த்துக்கொள்கிறேன்."

"ஆகட்டும்" என்றது யானை.

மறுநாள் கரடித் தலைவன் வந்தது. "ராசா, தேனீக்களுக்கு ஒரு துணை வேண்டாமா?"

அதற்கும் "ஆகட்டும்."

ஆட்காட்டியின் புருஷன் விழுந்து விழுந்து சிரித்தது. "மீனுக்குக் காவலாகக் கொக்கையும் வைத்துவிட்டால் வேலை முடிந்தது!"

சிரிப்பு அடங்குமுன் புலி துறைக்கு வந்தது. "தங்கச்சி, கரடி வந்தால் கத்து. எங்கள் ஆட்கள் வரும்போது மட்டும் சும்மா இரு. உன் முட்டைமேல் ஒரு கால் படாது. அண்ணன் சொல்கிறேன்."

"வேண்டாம்டி" என்றது புருஷன். "கத்துவதுதானே நம் வேலை?"

"முட்டை போட்டது நானா, நீங்களா?" என்றது ஆட்காட்டி.

மூன்றாம் நாள் காலையில் புலிகள் வரிசையாக இறங்கின. ஆட்காட்டி அலகை இறுக்கிக்கொண்டது. கண் தெரியாத யானைக்கு ஒன்றும் தெரியவில்லை. பாதித் துறை புலிகள் கைக்குப் போன பிறகுதான் கரடிகளுக்குச் சேதி எட்டியது. ஓடிவந்து பாய்ந்தன.

கோரைக்குள்ளேயே சண்டை. யானை நடுவில் நின்று, "நிறுத்துங்கடா!" என்றது. யார் கேட்டார்கள்?

மூன்று முட்டை புலியின் காலடியிலேயே நசுங்கின.

"அண்ணே! என் கூடு!"

"சண்டையில் யார் தங்கச்சி கீழே பார்த்து நடப்பார்கள்?" என்றபடி புலி பாய்ந்து போனது.

நாலாவது முட்டை உருண்டு வெளியே போய், கரையில் கூழாங்கற்களுக்கு நடுவே நின்றது. கரடி ஒன்று இரண்டடி தள்ளி நின்று மோந்து மோந்து பார்த்தது. கல் எது, முட்டை எது என்று அதற்குத் தெரியவில்லை.

கல்லுக்கு நடுவில் கிடந்தால்தான் முட்டை தப்பும் என்று ஆட்காட்டிக்குப் புரிந்துபோனது. விருட்டென்று எழும்பிக் கரடியின் மூஞ்சிக்கு நேரே கத்தியது. பின்னாலேயே வந்த புலியின் மூஞ்சிக்கு நேரேயும் கத்தியது.

"நீ யார் பக்கம்?" என்று இரண்டும் உறுமின.

"என் முட்டைப் பக்கம்!"

காது குடையும் அந்தக் கத்தலுக்குப் பயந்து இரண்டும் வேறு பக்கம் நகர்ந்து சண்டை போட்டன. மிதிபட்டு மிதிபட்டு ஏழாம் நாள் ஏரி வெறும் சேறாகிவிட்டது. குடிக்கச் சொட்டுத் தண்ணீர் இல்லாமல் இரு கூட்டமும் நொண்டிக்கொண்டே திரும்பின. யானை கிழக்கே போனது, வழியனுப்ப ஆளில்லை. கூழாங்கல் நடுவில் மட்டும் ஒரு குஞ்சு ஓட்டை உடைத்துக்கொண்டு எழுந்து ஓடியது.

அன்றைய நாளிலிருந்துதான் ஆட்காட்டி எந்தப் புதரையும் நம்பாமல் வெட்டவெளியில் கல்லோடு கல்லாக முட்டையிடுகிறது. புலி வந்தாலும் பசு வந்தாலும், நீங்களோ நானோ அந்தப் பக்கம் போனாலும், ஆள் பார்க்காமல் தலைக்கு மேலே வந்து கத்துகிறது.