கரடிவிழுந்தான்

ஒரு காடு முடிந்து வயல் தொடங்குகிற ஓரத்தில், கரடிவிழுந்தான் என்று ஒரு குட்டி ஊர் இருந்தது. பெயரைக் கேட்டுச் சிரிக்காதீர்கள், குழந்தைகளே. அந்த ஊர்க்காரர்கள் யாரும் சிரிக்கவில்லை. அவர்களுக்கு வேலை இருந்தது.

ஊர் என்றால் பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். கிழக்கே ஒரு செம்மண் மேடு. அதில் முயல் சர்க்கரைவள்ளிக் கிழங்கு போட்டிருந்தது. மேற்கே கரிசல் மண். அதில் பன்றி சேம்பு போட்டிருந்தது. ஓடைக்கரையில் மயிலின் தினைக்கொல்லை. இவற்றுக்கு நடுவில் ஒரு பள்ளம். மேலே பார்த்தால் பச்சைப் பசேல் என்று கோரைப் புல். அடியில் ஆளை விழுங்குகிற சேறு!

அதனால் ஊரின் பாதை அந்தப் பள்ளத்தைச் சுற்றி வளைந்துதான் போகும். எல்லாரும் பழக்கத்தில் சுற்றிப் போனார்கள். ஏன் சுற்றுகிறோம் என்று யோசித்தது முயல் மட்டும்தான். அதுவும், மேட்டிலிருந்து உருண்ட அதன் பூசணிக்காய் ஒன்று அங்கே முழுகிப் போன வயிற்றெரிச்சலில்.

அந்த ஊருக்கு ஒரு நரி வந்து சேர்ந்தது. குனிந்து ஒரு புல்லைப் பிடுங்காது. ஆனால் வாய் மட்டும் ஓயாது. வந்த அன்றே வேலமரத்தடியில் ஊரைக் கூட்டியது.

"உங்க ஊருக்கு வரலாறு இருக்கா?" என்று கேட்டது.

பன்றிக்குச் சங்கடமாகப் போய்விட்டது. "வரலாறு இல்லீங்க. ஒரு ஓடை இருக்கு. வந்து பாக்கிறீங்களா?" என்றது.

"வேண்டாம். நானே சொல்றேன். கரடி விழுந்தான்! எங்கே விழுந்தான்? காலில் விழுந்தான்! யார் காலில்? எங்க பாட்டனார் காலில்! அவர்தான் இந்தச் சீமைக்கே ராஜா. வம்பு பண்ணின கரடி அவர்கிட்ட தோத்துப் போய், நெடுஞ்சாண்கிடையா விழுந்து, 'காப்பாத்துங்க, காப்பாத்துங்க'ன்னு கதறினான். அதான் இந்தப் பேரு!"

மயிலுக்குத் தோகை தானாக விரிந்துவிட்டது. "நம்ம ஊருக்கு ராஜா இருந்திருக்கார்!" என்று கூவியது. பன்றி கண்ணைத் துடைத்துக்கொண்டது.

"கரடி விழுந்த இடம் எங்க பூர்வீகச் சொத்து," என்ற நரி, மூக்கை உயர்த்திக் காற்றை மோந்து பார்த்தது. சர்க்கரைவள்ளி வாசம் கிழக்கிலிருந்து வந்தது. "அதோ, அந்தச் செம்மண் மேடுதான். விளைஞ்சதோட எடுத்துக்கிறேன். நாளைக் காலையில முயல் காலி பண்ணிடணும்."

மழைக்காலம் முழுக்க முயலின் குட்டிகளுக்கு அந்தக் கிழங்கை விட்டால் வேறு சோறு கிடையாது.

"பன்றியண்ணே, நீங்களாவது கேளுங்க. இவர் கரடி விடுறார்!" என்றது முயல்.

"விடலை தங்கச்சி, விழுந்துச்சு," என்று பன்றி திருத்தியது. "வரலாறும்மா."

"உன் கிழங்குக்காக ஊர்ப் பெருமையைக் கெடுக்காதே," என்றது மயில்.

பெருமையில் மிதக்கிறவர்களிடம் நியாயம் பேசிப் பயனில்லை என்று முயலுக்குப் புரிந்துவிட்டது. இரவெல்லாம் யோசித்தது. விடிந்ததும், பன்றியும் மயிலும் பார்த்துக்கொண்டிருக்க, நேரே நரியிடம் போய்க் கும்பிட்டது.

"ஐயா, நீங்க சொன்ன வரலாறு அத்தனையும் உண்மை. இடம்தான் கொஞ்சம் இடிக்குது."

"என்ன இடிக்குது?"

"அவ்வளவு பெரிய கரடி தொப்புன்னு விழுந்தா மண்ணு அமுங்காதுங்களா? மேட்டுல விழுந்திருந்தா அது இன்னும் மேடாவா இருக்கும்? இந்த ஊரில இருக்கிறது ஒரே பள்ளம்."

மயில் எட்டிப் பார்த்தது. "அட, கரடி அளவுக்குத்தான் இருக்கு!"

"நான் தினமும் சுத்திப் போறேன், கவனிக்கவே இல்லையே," என்றது பன்றி.

நரி நெளிந்தது. "இருக்கலாம்... ஆனாலும் அந்த மேடு..."

"அப்படின்னா கரடி விழவே இல்லைங்களா?"

"விழுந்தான், விழுந்தான்!" என்று நரி அவசரமாகச் சொன்னது.

"அப்போ உங்க பாட்டனார் நின்னது அந்தப் பள்ளத்துக்கு நட்ட நடுவிலதான். அதே இடத்துல நீங்க நின்னு காட்டுங்க. நாங்க எல்லாரும் உங்க காலில் விழறோம். பள்ளத்தோட மேட்டையும் சேர்த்து வச்சுக்கோங்க."

பள்ளமும் மேடும்! நரிக்கு நாக்கில் எச்சில் ஊறியது. மார்பை நிமிர்த்தி, ராஜநடை போட்டுக்கொண்டு கோரைக்குள் இறங்கியது.

முதல் அடியில் பாதம் புதைந்தது. "கொஞ்சம் ஈரம்," என்று சிரித்துக்கொண்டது. அடுத்த அடியில் முழங்கால் போனது. அப்புறம் வயிறு போனது.

"ராஜா இவ்வளவு குட்டையாவா இருந்தார்?" என்று பன்றி வியந்தது.

கழுத்து வரை சேறு ஏறியதும் நரி அலறியது. "காப்பாத்துங்க! காப்பாத்துங்க!"

"அது கரடி சொன்னதில்லையா?" என்று மயில் விழித்தது.

முயல் கையோடு கொண்டுவந்திருந்த கயிற்றை மடியில் வைத்துக்கொண்டு, பள்ளத்தின் ஓரத்தில் சாவகாசமாக உட்கார்ந்தது. "இப்போ சொல்லுங்கய்யா. கரடி எதுல விழுந்தான்?"

"சேத்துல! சேத்துலதான் விழுந்திருப்பான்!"

"யார் காலில்?"

"யார் காலிலும் இல்லை! எங்க பாட்டன் இந்த ஊரைப் பார்த்ததே இல்லை!"

"மேடு யாருது?"

"உன்னுது தாயே, உன்னுது! கயித்தைப் போடு!"

முயல் கயிற்றை வீச, பன்றி தம் கட்டி இழுத்தது. நரி வழுக்கிக்கொண்டு வந்து குப்புற விழுந்தது. விழுந்த இடம் சரியாக முயலின் காலடி.

மயிலின் தோகை சுருங்கிவிட்டது. "அப்போ நமக்கு வரலாறே கிடையாதா?" என்று பாவமாகக் கேட்டது.

"ஏன் இல்லை? இப்பத்தானே கண்ணெதிரே நடந்துச்சு," என்றது பன்றி.

நரி மூஞ்சிச் சேற்றை வழித்துக்கொண்டே யோசித்தது. போகிற ஊரெல்லாம் இந்தக் கதை தனக்கு முன்னால் போய் நிற்குமே! "கெஞ்சிக் கேக்கிறேன். ஊர்ப் பேரை மட்டும் நரிவிழுந்தான்னு மாத்திடாதீங்க," என்றது.

"மாத்த மாட்டோம். கரடிவிழுந்தான்னே இருக்கட்டும்," என்றது முயல். "யாராவது அர்த்தம் கேட்டா மட்டும், கரடி விட்டவன் விழுந்த இடம்னு சொல்லிக்கிறோம்."

நீதி: பொய் சொல்லிப் பிறர் நிலத்தைப் பிடிக்கப் பார்ப்பவன், கடைசியில் அந்தப் பொய்யின் மேலேயே காலை வைத்துப் புதைவான்.