வடக்கு ராஜாவுக்கு ஒரு கும்பிடு

வடக்கே ஒரு பெரிய ராஜா, தெற்கே ஒரு பெரிய ராஜா, நடுவிலே கையகல நாடு. வருஷம் தவறாமல் மாம்பழக் கூடையோடு வரும் தெற்குத் தளபதி இந்தத் தடவை அதட்டினார்: "வடக்கை அழிக்கப் போறோம். உங்க கணவாயைத் திறந்து விடுங்க. இல்லேன்னா நீங்களும் எதிரிதான்!"

கையகல நாட்டு ராஜா சரியென்று தலையாட்டப் போனார்.

இடுப்பில் பிள்ளையோடு பழத்தட்டு ஏந்தி நின்ற வேலைக்காரி குருவம்மா தயங்கித் தயங்கிக் கேட்டாள்: "சாமி, உங்க புண்ணியத்துல எம்புள்ள மாம்பழம் தின்னுது. வடக்கு ராஜா ஒழிஞ்ச பிறகும் கொண்டு வருவீங்கல்ல?"

தளபதி சிரித்தார். "அசடே! அப்புறம் உங்க தயவு எங்களுக்கு எதுக்கு?"

சபையே அவரைத் திரும்பிப் பார்த்தது. தளபதி நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"கணவாய் திறக்காது," என்றார் ராஜா. "மிரட்டினா வடக்கோட சேர்ந்துக்குவோம்."

தளபதி வந்த வழியே போனார். பழக்கூடை குருவம்மா வீட்டுக்குப் போனது. ஊட்டுமுன் பிள்ளையின் கையைக் கூப்பி, வடக்கே பார்த்துக் கும்பிட வைத்தாள்.

"கொடுத்த மகராசனும் நல்லாருக்கணும், கொடுக்க வெச்ச மகராசனும் நல்லாருக்கணும்."