ஆள்காட்டியும் நாள் தின்னும் கண்ணாடியும்

சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டே சொல்கிறேன். கண்ணில் தண்ணீர் வந்தால் கதைக்கு அழுகிறேன் என்று நினைத்துவிடாதீர்கள்.

ஒரு காட்டுக் குளம். அதன் கரையில் ஒரு ஆள்காட்டிப் பறவை நான்கு முட்டை இட்டிருந்தது. ஆள்காட்டி மரத்தில் கூடு கட்டாது. வெறும் தரையில், கூழாங்கல்லுக்கு நடுவே இடும். முட்டையும் கல் மாதிரியே இருக்கும். பக்கத்தில் வந்து நின்றாலும் எது கல், எது முட்டை என்று தெரியாது. அதுதான் அந்த முட்டைகளுக்குக் காவல்.

எதிர்க்கரையில் ஒரு உடும்பு இருந்தது. பத்து நாளாகத் தேடியும் அதற்கு முட்டை அகப்படவில்லை. உடும்பு வந்தாலே ஆள்காட்டி எழுந்து தூரப் போய் நின்றுகொண்டு கத்தும்.

ஒரு நாள் உடும்பு வாயில் எதையோ கவ்விக்கொண்டு வந்தது. அப்பளம் அகலத்தில் ஒரு வட்டக் கண்ணாடி!

“என்ன தாயீ, இன்னும் எத்தனை நாள் இப்படிக் காஞ்சு கிடப்பே?”

“பதினெட்டு நாள். உனக்கென்ன வந்துச்சு?”

“இது காலக் கண்ணாடி. பாறை இடுக்கில் கிடந்துச்சு. இதில் முகம் பட்டா நாளைக்கு நடக்கிறது தெரியும். தெரிஞ்ச கையோட அந்த நாளும் கழிஞ்சுபோகும். பதினெட்டுத் தடவை காட்டு. இன்னைக்கே குஞ்சு உன் பின்னாலே ஓடும்!”

“சும்மாவா குடுக்கிறே?”

“பழைய பகை போகட்டும்னுதான்!”

உடும்பு கண்ணாடியைக் கவிழ்த்துப் போட்டுவிட்டுப் போய்விட்டது.

ஆள்காட்டி யோசித்தது. உடும்பை நம்பக் கூடாது என்று அதற்குத் தெரியும். ஆனால் உட்கார்ந்து உட்கார்ந்து காலெல்லாம் மரத்துப்போயிருந்தது. நல்லபடியாக இரை தின்று எத்தனை நாள் ஆயிற்று! கண்ணாடியைக் காலால் தள்ளித் தள்ளிக் கொண்டுவந்தது. ஓரத்தில் இருந்த ஒரே ஒரு முட்டைக்கு மட்டும் காட்டியது.

கண்ணாடிக்குள் ஒரு நாள் மின்னி மறைந்தது. இன்னொரு தடவை காட்டியது. மூன்றாவது தடவையும் காட்டியது.

ஆசையோடு முட்டையை வயிற்றில் அணைத்தது. திடுக்கிட்டது! வெயிலில் கிடந்த முட்டை ஜில்லென்று இருந்தது.

மூன்று நாள் கழிந்துதான் இருந்தது. ஆனால் அந்த மூன்று நாளும் அதன்மேல் யாரும் உட்காரவில்லையே! கண்ணாடி நாளைத் தின்னும். அந்த நாளில் கிடைக்க வேண்டிய சூட்டையும் சேர்த்துத் தின்னும்.

“ஐயோ, என்ன காரியம் செஞ்சேன்!”

அதே நேரம் கண்ணாடியில் வெயில் பட்டுப் பளீரென்று அடித்தது. எதிர்க்கரை வரைக்கும் வெளிச்சம் ஓடியது.

“ஆகா, அங்கேதானா!” உடும்பு தண்ணீரில் குதித்தது. அது காத்திருந்ததே அந்த வெளிச்சத்துக்குத்தான். அந்த நாளில் கிடைக்க வேண்டியதையும் கண்ணாடி சேர்த்துத் தின்னும் என்பது அதற்கும் தெரியாது.

ஆள்காட்டி ஓடியது. உடும்பைத் தன் பின்னால் வேறு பக்கம் இழுக்க, இறக்கை ஒடிந்தது போல் தரையில் இழுத்து இழுத்து நடந்தது.

“இந்த நாடகத்தை நாய்கிட்ட வச்சுக்கோ! எனக்கு நீ வேண்டாம், முட்டைதான் வேணும்!”

உடும்பு கரையேறியது. இன்னும் பத்தடி. இன்னும் ஐந்தடி. நாக்கு வெளியே வந்து வந்து போனது.

ஆள்காட்டி பறந்து வந்து கண்ணாடியை ஒரு கல்லில் சாய்த்து, உடும்புக்கு நேராகத் திருப்பியது.

“நாளைக்கு என் முட்டை உன் வயித்துல இருக்குமா? நீயே பாரு!”

உடும்புக்கு ஆசை. பார்த்தது. கண்ணாடிக்குள் அது அதே இடத்தில், ஒட்டிய வயிற்றோடு நின்றது.

“நாளைக்கு இல்லையா? அப்போ நாளான்னைக்கு?”

மறுபடி பார்த்தது. மறுபடியும் பட்டினி. “அதுக்கு மறுநாள்?” பார்க்கப் பார்க்க இரையில்லாத நாளாகவே கழிந்தது. விலா எலும்பு தெரிந்தது. கால் மடங்கியது. முட்டை இரண்டடி தூரத்தில் இருந்தது. அந்த இரண்டடி நடக்க உடும்புக்குத் தெம்பு இல்லை!

“போதும், அதை மூடு! மூடு!” என்று கதறிக்கொண்டே தண்ணீருக்குள் உருண்டு விழுந்து போனது. அப்புறம் அந்தக் கரைக்கு வரவே இல்லை.

ஆள்காட்டி கண்ணாடியைச் சேற்றில் கவிழ்த்து மிதித்துப் புதைத்தது. பிறகு வந்து நான்கு முட்டைமேலும் உட்கார்ந்தது.

பதினெட்டாம் நாள் மூன்று குஞ்சுகள் வெளியே வந்தன. நான்காவது முட்டை அசையவில்லை. “வாம்மா, பசிக்குது!” என்று மூன்றும் கத்தின. தாய் ஒரு தரம் குஞ்சுகளைப் பார்க்கும், ஒரு தரம் முட்டையைப் பார்க்கும். அன்று பொழுது சாயும்வரை அதன்மேல் உட்கார்ந்திருந்துவிட்டுத்தான் எழுந்தது.

பிள்ளை சீக்கிரம் வளரட்டும் என்று நாளைத் தாண்டிப் போனால், அந்த நாளில் நாம் கொடுக்க வேண்டிய சூடு பிள்ளைக்குக் கிடைக்காமலே போய்விடும்.

நானும்கூடத்தான், இவன் எப்போது எழுந்து நடப்பான், எப்போது தானாகச் சோறு அள்ளித் தின்பான் என்று...

“ஏ மாரிக்கனி! பிள்ளை முழிச்சிட்டான் பாரு!”

இந்தா வந்துட்டேன் அத்தை, கையைக் கழுவிட்டு அவனைத் தூக்கிக்கிறேன்.